மூன்று கொட்டைகள், ஓர் இரவல் பெயர்

ராடெபோய்லில் கிளம்பிய நீராவி ரயிலில் குழந்தைகளைவிடப் பாட்டிகளுக்குத்தான் பரபரப்பு அதிகம். டிசம்பர் மாதம். எல்லோருக்கும் ஒரே இடம்: டிரெஸ்டன் அருகே, ஏரி நடுவில் நான்கு உருண்டைக் கோபுரங்களோடு நிற்கும் மோரிட்ஸ்பர்க் கோட்டை. 1973இல் வந்த செக்–கிழக்கு ஜெர்மன் படமான ‘சின்ட்ரெல்லாவுக்கு மூன்று கொட்டைகள்’ படத்தில் இளவரசனின் வீடு இதுதான். ஒவ்வொரு குளிர்காலத்திலும் அந்தப் படத்துக்காகவே இங்கே கண்காட்சி நடக்கிறது.

நான் தேடி வந்தது அதன் திரைக்கதையாசிரியரை. பிரான்டிஷெக் பாவ்லீச்செக். பிராகாவின் வினோஹ்ராடி நாடக அரங்கை நடத்தியவர். ‘மார்கெதா லாசரோவா’ படத்தின் திரைக்கதையில் பங்குள்ளவர். 1968இல் சோவியத் டாங்கிகள் வந்தபின் பதவி பறிபோனது, எழுதத் தடை. பொஹுமிலா செலென்கோவா என்பவர் தன் பெயரை இரவல் தந்தார். அந்தப் பெயரில்தான் இந்தக் கதை ஸ்டுடியோவுக்குள் நுழைந்தது.

குழந்தைகளுக்கான திரைக்கதை ஒன்றோடு ஆறு மாதம் மல்லுக்கட்டியவன் நான். தேவதை வந்து எல்லாவற்றையும் சரிசெய்யும் இடத்தில்தான் எனக்குக் கை நின்றுபோகும். பாவ்லீச்செக் தேவதையையே வைக்கவில்லை. கிரிம் சகோதரர்களின் கதையில் அப்பாவின் தொப்பியைத் தட்டிவிட்ட ஹேசல் கிளையை அவர் மகளுக்குக் கொண்டுவருவார். படத்தில் அப்பா உயிரோடு இல்லை. வண்டியோட்டி வின்செக் பனிப்பாதையில் தூங்கி வழிந்தபடி வருகிறான். இளவரசன் விளையாட்டாக அம்பெய்து ஒரு பறவைக்கூட்டை வீழ்த்த, அது வின்செக் மேல் விழுகிறது. உள்ளே மூன்று ஹேசல் கொட்டைகள்; அவற்றை அவன் சின்ட்ரெல்லாவிடம் கொடுக்கிறான். யாருக்கு அனுப்புகிறோம் என்று அனுப்பிய இளவரசனுக்கே தெரியாது! முதல் கொட்டையில் வேட்டை உடை, இரண்டாவதில் நடன உடை, மூன்றாவதில் மணக்கோலம். இந்தச் சின்ட்ரெல்லா குதிரை ஓட்டுவாள், குறி தப்பாமல் அம்பெய்வாள். விருந்தில் இளவரசனிடம் விடுகதை போட்டுவிட்டு ஓடுவாள். அவனுக்குப் பதில் தெரியாது. செருப்பைவிட எனக்கு அந்த விடுகதைதான் முக்கியமாகப் படுகிறது. கால் அளவு பொருந்தினால் மட்டும் போதாது, ஆளைப் புரிந்துகொண்டு வா என்கிறாள்.

இத்தனை பனியும் எழுத்தாளர் கேட்டதல்ல. கோடையில் எடுப்பதாக இருந்த படத்தை, குளிர்காலத்தில் ஆட்களுக்கு வேலை வேண்டும் என்று கிழக்கு ஜெர்மனியின் டெஃபா ஸ்டுடியோ தள்ளிவைத்ததாம். இயற்கைப் பனி போதாத இடத்தில் மீன்தூளைக் கொட்டினார்கள், நாற்றம் தாங்கவில்லை என்கிறார்கள். இன்று அந்தப் பனி இல்லாமல் படத்தை நினைக்க முடியவில்லை. நார்வேயில் கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள் தவறாமல் ஒளிபரப்பாகிறது. அங்கே மொழிமாற்றத்தில் சின்ட்ரெல்லா, சித்தி, இளவரசன் எல்லோருக்கும் ஒரே ஆண்குரல்.

கண்காட்சியில் கூட்டம் மொய்த்தது உடைகளுக்கு முன்னால்தான். வடிவமைத்த தியோடோர் பிஷ்டேக் பின்னாளில் ‘அமடேயஸ்’ படத்துக்கு ஆஸ்கர் வாங்கியவர். உடையைக் காட்டலாம்; அம்பு ஒரு கூட்டில் பட வேண்டும் என்ற யோசனையை எந்தப் பொம்மைக்கு மாட்டிக் காட்டுவது? 1977இல் ஆட்சியிடம் மனித உரிமைகளைக் கோரிய ‘சாசனம் 77’ அறிக்கையில் தன் சொந்தப் பெயரில் கையெழுத்திட்ட பாவ்லீச்செக்குக்கு, இந்தப் படத்துக்கான பெயர் ஆட்சி மாறிய பிறகுதான் வெளிப்படையாகக் கிடைத்தது.

திரும்பும் வழியில், வெளிப்படிக்கட்டில் பதித்திருக்கும் ஒற்றை உலோகச் செருப்பைச் சுற்றிச் சின்ன வரிசை. ஒரு சிறுமி பக்கத்தில் காலை வைத்து அளந்து பார்த்தாள். பனிக்காலணி பெரிதாக இருந்தது. கழற்றட்டுமா என்று பாட்டியைப் பார்த்தாள். பாட்டி ஏற்கெனவே குனிந்து கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருந்தார்.