ராஜா திரும்பி வந்த ஊர்!

ருமேனியா என்றதும் உங்களுக்கு என்ன ஞாபகம் வரும்? டிராகுலா கோட்டை? ஜிம்னாஸ்டிக்ஸ் ராணி நாடியா கொமனேச்சி? ரெண்டும் ஓகே. ஆனால், வீட்டில் கால்பந்துப் பைத்தியமான சித்தப்பா யாராவது இருந்தால் கேட்டுப் பாருங்க. ஒரே பெயர்தான் சொல்வார்... கியோர்கே ஹாஜி!

இடது காலில் மந்திரம் வைத்திருந்த மனுஷன். 'கார்ப்பாத்திய மலைகளின் மரடோனா' என்று பட்டமே கொடுத்தார்கள். இதில் காமெடி என்னவென்றால், ஹாஜி பிறந்த ஊருக்கும் அந்த மலைகளுக்கும் சம்பந்தமே இல்லை. அவர் கருங்கடல் ஓரத்து ஆள். டோப்ரோஜா என்கிற பகுதிதான் அவரது மண். இந்த வாரம் அந்தப் பக்கம்தான் ஒரு ரவுண்டு போகப் போகிறோம்!

விளக்கு ஊர்

தலைநகர் புகாரெஸ்ட்டில் ரயில் ஏறினால் கான்ஸ்டன்ட்சா சுமார் 225 கி.மீ. வழியில் செர்னவோடா என்ற இடத்தில் டான்யூப் நதியைக் கடக்கும்போது தூங்கிடாதீங்க. 1895-ல் ஆங்கெல் சலிக்னி என்ற இன்ஜினீயர் கட்டிய இரும்புப் பாலம் பக்கத்திலேயே கம்பீரமாக நிற்கும். இப்போது ரயில் போவது அதன் தம்பி, புதுப் பாலத்தில்.

கான்ஸ்டன்ட்சா, கருங்கடலின் பெரிய துறைமுகங்களில் ஒன்று. ருமேனியர், துருக்கியர், தாத்தார், அரோமானியர் என்று பல ஜனங்கள் கலந்து வாழும் ஊர். கரோல் மன்னர் 1910-களில் கட்டிக் கொடுத்த பெரிய மசூதியின் கோபுரத்தில் மூச்சு வாங்க ஏறினால் மொத்த ஊரும் கடலும் காலடியில் தெரியும். கடற்கரை ஓரமாகவே நடந்தால், 1910-ல் திறந்த சூதாட்ட மாளிகை வரும். பல வருஷம் பாழடைந்து கிடந்துவிட்டு, புதுப்பிக்கப்பட்டு 2025-ல் மறுபடி திறந்த அழகி அது. பக்கத்திலேயே ஒரு பழைய கலங்கரை விளக்கம்.

கலங்கரை விளக்கத்துக்கு ருமேனிய மொழியில் 'ஃபாருல்'. ஊர் கால்பந்து கிளப்பின் பெயரும் அதேதான். 1982-ல், 17 வயதில், ஹாஜி முதன்முதலில் சீனியர் அணிக்கு ஆடியது இந்த ஃபாருலில்தான். பிறந்தது ஊருக்கு வடக்கே சச்செலே என்ற கிராமத்தில், ஒரு அரோமானியக் குடும்பத்தில். பால்கன் பகுதியில் பரவி வாழ்கிற, ஆடு வளர்ப்புக்குப் பேர்போன ஜனங்கள் இவர்கள். 'ஹாஜி'யும் நமக்குத் தெரிந்த அதே சொல்தான். ஜெருசலேமுக்குப் புனித யாத்திரை போய் வந்த பால்கன் கிறிஸ்தவர்களும் அந்தப் பட்டத்தைச் சேர்த்துக்கொள்வார்கள்.

கவிஞருக்குத் தண்டனை!

பழைய ஊரின் நடுவே உள்ள சதுக்கத்தில் ஒரு சிலை, தலையைச் சாய்த்து யோசித்துக்கொண்டே நிற்கும். 1887-ல் வைத்தது. ரோமானியக் கவிஞர் ஒவிட்! கி.பி. 8-ல் சக்கரவர்த்தி அகஸ்டஸுக்கு இவர் மேல் கோபம். 'போய்யா, உலகத்தின் ஓரத்துக்கு' என்று நாடு கடத்திவிட்டார். அந்த ஓரம் இந்த ஊர்தான். அன்றைய பெயர் டோமிஸ். குளிர் தாங்கவில்லை, டான்யூப் உறைகிறது, என்னை வீட்டுக்கு அனுப்புங்க என்று எழுதி எழுதியே மனுஷன் இங்கேயே கண்ணை மூடினார்.

நகருக்கு வடக்கே கொஞ்ச தூரத்தில், சியுட்கியோல் ஏரிக்கரையில் அவர் பெயரிலேயே ஒரு குட்டி ஊர் இருக்கிறது. ஒவிடியு! அடுத்து அங்கேதான் போகிறோம். அதற்கு முன்னால் ஹாஜியின் கதையைக் கொஞ்சம் ஃபாஸ்ட் ஃபார்வர்டு பண்ணிடலாம்.

ஏணியும் பாம்பும்

ஸ்டுவா புகாரெஸ்ட், ரியல் மாட்ரிட், பிரெஷியா, பார்சிலோனா... ஹாஜி ஆடாத பெரிய மேடை இல்லை. 1994 உலகக் கோப்பையில் கொலம்பியாவுக்கு எதிராக இடது ஓரத்திலிருந்து தூக்கிப் போட்டாரே ஒரு பந்து! கோல்கீப்பரின் தலைக்கு மேலே மிதந்து போய் உள்ளே விழுந்தது. அர்ஜென்டினாவையும் 3-2 என்று வீட்டுக்கு அனுப்பி, ருமேனியா காலிறுதி வரை போனது. 2000-ல் துருக்கியின் கலாட்டாசராய் அணியோடு யு.இ.எஃப்.ஏ. கோப்பை. அந்த ஃபைனலில் தலைவர் சிவப்பு அட்டை வாங்கி வெளியே போனது தனிக் கதை! நாட்டுக்காக 35 கோல். ஊரே 'ராஜா' என்றது.

அப்புறம் கோச் ஆனார். அங்கே ஆரம்பித்தது பாம்பு!

2001-ல் தேசிய அணி கையில் கிடைத்தது. ஸ்லோவேனியாவிடம் தோற்று உலகக் கோப்பை வாய்ப்பு போச்சு, வேலையும் போச்சு. பர்சாஸ்போரில் கொஞ்ச நாள். கலாட்டாசராயில் 2005-ல் ஃபெனர்பாஷேயை 5-1 என்று நொறுக்கி துருக்கிக் கோப்பை வாங்கியது மட்டும் ஆறுதல். டிமிஷோவரா, ஸ்டுவா, மறுபடி கலாட்டாசராய்... எங்கேயும் நிலைக்கவில்லை. எல்லோருக்கும் அவருடைய பெயர் வேண்டியிருந்தது. பொறுத்திருக்கத்தான் யாருக்கும் நேரமில்லை.

ஏரிக்கரையில் ஒரு 'எதிர்காலம்'

இந்த அலைச்சலுக்கு நடுவே, 2009-ல் ஹாஜி ஒரு காரியம் செய்தார். சொந்தக் காசைப் போட்டு ஒவிடியுவில் ஒரு அகாடமி, ஒரு கிளப். பெயர் வீட்டோருல். அர்த்தம், 'எதிர்காலம்'!

பெயரில் ஒரு வலி இருக்கிறது, கவனிச்சீங்களா? 1998-க்குப் பிறகு 2022 வரை நடந்த ஆறு உலகக் கோப்பைகளில் ஒன்றுக்குக்கூட ருமேனியா தகுதி பெறவில்லை. தங்கத் தலைமுறை போய்விட்டது, பின்னால் வரிசையில் ஆளே இல்லை. வரிசையை நாமே உருவாக்குவோம் என்று பொடியன்களைச் சேர்த்தார் ஹாஜி.

மூன்றாம் டிவிஷனில் ஆரம்பித்து, 2012-ல் முதல் டிவிஷனுக்கு வந்தது வீட்டோருல். 2014-ல் ஹாஜியே கோச். 'பசங்க இன்னும் பழுக்கட்டும்' என்று பெஞ்சில் உட்கார வைக்கிற பேச்சே கிடையாது. சொந்த மகன் யானிஸ் உள்பட பலரை 16, 17 வயதிலேயே களத்தில் இறக்கினார். 2017-ல் லீக் சாம்பியன்! புள்ளிகளில் தலைநகரின் எஃப்.சி.எஸ்.பி. அணியோடு சமம். நேருக்கு நேர் மோதிய ஆட்டங்களின் கணக்கில் இந்தக் குட்டி ஊர் முந்தியது.

உடனே ஐரோப்பாவைக் கலக்கினார்கள் என்று நினைக்காதீங்க. சாம்பியன்ஸ் லீக் தகுதிச் சுற்றில் சைப்ரஸின் அபோயலை முதல் ஆட்டத்தில் 1-0 என்று வென்று, அடுத்ததில் 0-4 என்று வாங்கிக் கட்டிக்கொண்டார்கள். நன்றாக ஆடுகிற பையன்களைப் பெரிய கிளப்கள் காசு கொடுத்துத் தூக்கிப் போவதும் நடந்துகொண்டே இருந்தது. அகாடமி வயிறு நிறைய, அணி உடையும். மறுபடி புதுப் பொடியன்கள், மறுபடி அ, ஆ. சலிக்கவில்லை மனுஷன்.

பெயரை விட்டுக்கொடுத்தவர்

2021-ல்தான் ட்விஸ்ட். பக்கத்தில் கான்ஸ்டன்ட்சாவில் ஃபாருல் இருந்தது. வரலாறு உண்டு, ரசிகர்கள் உண்டு, முதல் டிவிஷனில் இடம் மட்டும் இல்லை. வீட்டோருலிடம் கோப்பை உண்டு, கூட்டம் இல்லை. ரெண்டும் இணைந்தன. சாம்பியன் ஆன தன் கிளப்பின் பெயரை விட்டுக்கொடுத்து, 17 வயதில் தனக்கு வாய்ப்பு தந்த கிளப்பின் பெயரை ஏற்றுக்கொண்டார் ஹாஜி.

மே 21, 2023. ஒவிடியு மைதானம். எதிரே அதே எஃப்.சி.எஸ்.பி. ஜெயித்தால் லீக் கோப்பை. முதல் பாதியிலேயே 0-2 பின்னடைவு! மிச்சத்தை ஊர்க்காரர்கள் இன்னும் சொல்லிச் சொல்லி மாய்கிறார்கள். ஃபாருல் 3-2 என்று ஜெயித்தது. அந்தப் பெயர் லீக் சாம்பியன் பட்டத்தில் ஏறியது அதுவே முதல்முறை.

பொடியன்கள்? 2019-ல் 21 வயதுக்குட்பட்டோர் ஐரோப்பியப் போட்டியில் இங்கிலாந்தை 4-2 என்று ருமேனியா சாய்த்தபோது, மூன்று கோல்கள் வீட்டோருலில் ஆடிய யானிஸ் ஹாஜியும் ஃப்ளோரினெல் கோமனும் போட்டவை. 2024 யூரோவில் உக்ரைனை 3-0 என்று வென்றபோது கோல் போட்ட மூவரில் ராஸ்வான் மரினும் டெனிஸ் ட்ராகுஷும் ஏரிக்கரையில் வளர்ந்தவர்கள்.

ஒரே கடலோரம்தான். கவிஞருக்கு அது தண்டனையானது, ராஜாவுக்கு மறுபிறவியானது. பெயருக்காகக் கூப்பிட்ட இடங்களில் கிடைக்காத நேரம், அவர் தன் கையால் கட்டிய இடத்தில் கிடைத்தது.

போறவங்களுக்கு...

ஜூலை, ஆகஸ்ட்டில் மமையா பீச்சில் கூட்டம் அள்ளும். அமைதி வேண்டுமானால் மே, செப்டம்பர் பெஸ்ட். ஒவிடியு போனால், ஏரியின் நடுவே உள்ள குட்டித் தீவையும் பார்த்துடுங்க. கவிஞர் ஒவிட்டின் சமாதி அங்கேதான் என்று ஊரில் ஒரு கதை உண்டு.

முக்கியமா, அங்கே ஏதாவது ஒரு பொடியன் இடது காலால் பந்தைத் தட்டிக்கொண்டு போனால் கொஞ்சம் நின்று பாருங்க. பத்து வருஷம் கழித்து டி.வி.யில் வரும்போது, 'இவனை நான் அப்பவே பார்த்தேன்'னு ஃப்ரெண்ட்ஸ்கிட்ட பீலா விடலாம்ல!