நாடி, நாளம், நரம்பு

எங்கள் வீட்டில் ரத்தக் குழாய்க்கு ஒரே பெயர்தான். நரம்பு. ஊசி போடுவதற்கு முன் மிஸ்ஸி கையைத் தட்டித் தட்டித் தேடுவது நரம்பை. பாட்டியின் கெண்டைக்காலில் நீலமாகச் சுருண்டு கிடந்தது நரம்பு. கழுத்தைத் திருப்ப முடியாமல் அப்பா எழுந்திருக்கும் காலைகளில் பிடித்துக்கொள்வதும் நரம்பு. மூளையின் செய்தியை விரலுக்குக் கொண்டுபோவதும் நரம்புதான். ரத்தம் ஓடுவது, இழுத்துப் பிடிப்பது, உணர்வைக் கடத்துவது என மூன்று வேறு வேறு பொருட்கள் ஒரே சொல்லுக்குள் கூட்டுக் குடித்தனம் நடத்தின. யாருக்கும் அதனால் சிரமம் இருந்ததில்லை.

மலாய்க்காரர்களிடமும் இதே கதைதான். 'ஊராட்' என்றால் ரத்தக் குழாயும் தசைநாணும் நரம்பும். பிரித்துச் சொல்ல வேண்டுமென்றால் 'ஊராட் டாரா', 'ஊராட் சாராஃப்' என்று ஒட்டுச் சேர்த்துக்கொள்வார்கள். பிரிக்பீல்ட்ஸில் பார்வையற்றவர்கள் நடத்தும் மசாஜ் நிலையங்களில் ஒருமுறை படுத்துப் பாருங்கள். முழங்காலுக்குப் பின்னால் கட்டைவிரலை வைத்து அழுத்தி, மலாயில் 'ஊராட்' என்பார்கள், தமிழில் 'நரம்பு' என்பார்கள். விரலுக்குத் தட்டுப்படுவது எதுவோ அதற்கு ஒரு பெயர், அவ்வளவே. இது நம் மரபிலும் புதிதல்ல. யாழின் கம்பிக்கும் நரம்பு என்றே பெயர். புறநானூற்றின் 278-ஆம் பாடலில் காக்கைப்பாடினியார் நச்செள்ளையார் காட்டும் முதிய தாயின் வற்றிய தோளில் எழுந்து தெரிவதும் நரம்புதான். அது ரத்தக் குழாயா தசைநாணா என்ற கேள்வி படிக்கும்போது நமக்கு எழுவதே இல்லை.

அந்தக் கேள்வி எங்கள் வீட்டில் எழுந்தது 2022-ல். இருபது வருட இனிப்புநீர் அப்பாவின் சிறுநீரகங்களை முடித்துவிட்டிருந்தது. வாரம் மூன்று நாள், ஒவ்வொரு முறையும் நான்கு மணி நேரம் ரத்தம் கழுவ வேண்டும். முதலில் கழுத்தில் ஒரு குழாயைச் செருகித் தொடங்கினார்கள். அது தற்காலிகம்தான், நிரந்தர வழிக்குக் கையில் 'ஃபிஸ்துலா' செய்ய வேண்டும் என்றார் மருத்துவர். இளம் மலாய்க்காரர், பொறுமையானவர். அப்பாவுக்குப் புரியட்டும் என்று எளிமையாக்கி, "சம்போங் ஊராட், பக்சிக்" என்றார். ஊராட்டை இணைப்போம், அவ்வளவுதான் என்று பொருள்.

அப்பாவுக்கு அது 'நரம்பை வெட்டி ஒட்டுவோம்' என்று கேட்டது. அவர் போர்ட் கிள்ளானில் கொள்கலன் லாரி ஓட்டியவர். ஃபிஸ்துலா இடது கையில் என்றார்கள். நம் ஊர் வண்டியில் கியர் போடும் கை. நரம்பை வெட்டினால் கை என்னாகும் என்பது அவருக்குத் தெரியும். அவரோடு வேலை செய்த ஒருவருக்குக் கம்பி அறுந்து மணிக்கட்டில் விழுந்து, மூன்று விரல் மடங்காமலே போனது. "ஒடம்புல இருக்குற நல்ல கை இது ஒண்ணுதான்டா" என்று சொல்லிவிட்டு எழுந்து வந்துவிட்டார்.

வீட்டுக்கு வந்த சித்தப்பா கைப்பேசியை எடுத்து ஃபிஸ்துலாவுக்குத் தமிழில் என்ன என்று தேடினார். பவுத்திரம் என்று வந்தது. "அண்ணே, அது மூலத்துக்குப் பக்கத்துல வர்ற வியாதிண்ணே. அத எதுக்குக் கையில செய்றானுங்க?" எல்லோரும் சிரித்தோம். அப்பா சிரிக்கவில்லை. அடுத்த இரண்டு மாதம் கழுத்துக் குழாயோடுதான் போய் வந்தார். அது பெரிய ரத்தக் குழாய்க்குள் நேராக இறங்கும் குழாய். வெளியில் இருக்கும் கிருமிக்கு அது திறந்த கதவு. ஒருநாள் கழுவி முடித்து வந்தவருக்குக் குளிர் காய்ச்சல் கண்டு, பத்து நாள் வார்டில் கிடந்தார். ஒரு சொல்லைப் பற்றி நான் யோசிக்கத் தொடங்கியது அந்த வார்டு நாற்காலியில்தான். அதுவரை மொழிபெயர்ப்பு என்பது இலக்கியக் கூட்டங்களில் பேசப்படும் விஷயம் என்றே வைத்திருந்தேன்.

நான் படித்தது இயந்திரவியல், உள்ளூர்ப் பல்கலைக்கழகத்தில். கே.எல். சென்ட்ரலில் ஓர் அலுவலகக் கட்டடத்தின் குளிரூட்டும் அமைப்பைப் பார்த்துக்கொள்வது வேலை. குழாய்கள் பற்றி எனக்குக் கொஞ்சம் தெரியும். ஆனால் உடம்பின் குழாய்களுக்குத் தமிழில் என்ன பெயர் என்பது தெரியாது. அறிவியலும் கணிதமும் ஆங்கிலத்துக்கு மாறியது 2003-ல். நான் தமிழ்ப்பள்ளியில் முதலாம் ஆண்டு சேர்ந்தது 2004-ல். அறிவியலை ஆங்கிலத்தில் படித்து, இடைநிலைப்பள்ளியில் 'ஆர்த்தெரி', 'வேனா' என்று மலாயில் கேட்டு, வீட்டில் 'நரம்பு' என்று பேசி வளர்ந்த வகுப்பு எங்களுடையது.

தேடியபோது இரண்டு தமிழ் கிடைத்தது. தமிழ்நாட்டுப் பாடநூலில் இதயத்திலிருந்து ரத்தம் கொண்டுபோகும் குழாய் 'தமனி', திருப்பிக் கொண்டுவருவது 'சிரை'. இலங்கைப் பாடநூலில் முன்னது 'நாடி', பின்னது 'நாளம்'. யாழ்ப்பாணத்தில் தமிழ் வழி மருத்துவக் கல்விக்கு நீண்ட வரலாறு உண்டு. 1847-ல் அங்கு வந்த அமெரிக்க மிஷனரி மருத்துவர் சாமுவேல் ஃபிஸ்க் கிரீன், மறு ஆண்டே மானிப்பாயில் மருத்துவப் பள்ளியைத் தொடங்கி, பின்னர் பாடங்களைத் தமிழிலேயே நடத்தினார். உடற்கூற்று நூல்களையும் அறுவை மருத்துவ நூல்களையும் தமிழில் கொண்டுவந்தார். நம்மூரில் அப்படி ஒரு முயற்சி நடக்கத் தேவை இருந்ததில்லை. நமக்கு ஆஸ்பத்திரி மொழி எப்போதும் வேறொருவருடைய மொழி.

இந்தச் சொற்களின் வேரைப் பார்த்தபோது வியப்பாக இருந்தது. 'தமனி' என்பதன் வடமொழி வேருக்கு 'ஊது' என்று பொருள். துருத்தியால் ஊதுவது, குழலை ஊதுவது. 'நாடி' உள்ளே துளையுள்ள தண்டு. 'நாளம்' என்றாலும் அதுவே. தாமரைத் தண்டை நாளம் என்பார்கள். கிரேக்கத்தில் 'ஆர்த்தீரியா' முதலில் மூச்சுக்குழலுக்கு வழங்கிய பெயர். இறந்த உடலில் தமனிகள் வெறுமையாக இருந்ததால் அவற்றில் காற்று ஓடுவதாக அவர்கள் நம்பினார்கள். 'ஃபிஸ்துலா' லத்தீன் சொல். அதற்கு ஊதுகுழல் என்று பொருள். ரோமாபுரியில் வீடுகளுக்குத் தண்ணீர் கொண்டுபோன ஈயக் குழாய்களின் பெயரும் ஃபிஸ்துலாதான். தூரத்து மக்கள் எல்லோரும் உடம்புக்குள் பார்த்துவிட்டு ஒரே பொருளைத்தான் நினைத்திருக்கிறார்கள்: ஆற்றங்கரையில் ஒடித்து வாயில் வைத்து ஊதிப் பார்க்கும் நாணல். பவுத்திரம் என்பது அந்தக் குழலின் ஒரு கெட்ட வகை மட்டுமே. அகராதி அந்த ஒன்றைத்தான் சித்தப்பாவுக்குக் காட்டியது.

கையில் செய்யப்படும் ஃபிஸ்துலாவை என் வேலையின் மொழியில் சொன்னால் எளிது. சில்லரிலிருந்து குளிர்ந்த தண்ணீர் ஒரு குழாயில் மேலே போகும், ஒவ்வொரு மாடியிலும் மெல்லிய சுருள்களுக்குள் புகுந்து அறையின் சூட்டை வாங்கிக்கொண்டு இன்னொரு குழாயில் திரும்பும். போகும் குழாயில் அழுத்தம் அதிகம், வரும் குழாயில் குறைவு. சுருளுக்குள் போகாமல் இரண்டும் நேராகக் கலந்துவிட்டால் எங்களுக்கு அது பழுது, உடனே ஆள் ஏற வேண்டும். உடம்பில் அதே பழுதை வேண்டுமென்றே செய்கிறார்கள். மணிக்கட்டருகே தமனியைச் சிரையோடு தைத்துவிடுகிறார்கள். நுண்குழாய்களைச் சுற்றிப் போக வேண்டிய ரத்தம் குறுக்கு வழியில் சிரைக்குள் பாய்கிறது. மெல்லிய சுவருள்ள சிரை அந்த அழுத்தத்தில் மெதுவாகத் தடிக்கிறது, அகலமாகிறது. தமனி ஆழத்தில் இருக்கும், குத்தினால் ஆபத்து. சாதாரணச் சிரை மேலே இருக்கும், ஆனால் இயந்திரத்துக்குத் தேவையான ரத்தம் அதில் ஓடாது. ஃபிஸ்துலாவுக்குப் பிறகு மேலேயும் இருக்கும், ஓட்டமும் இருக்கும். இதற்கு மருத்துவர்கள் ஓர் ஆறு கணக்கு வைத்திருக்கிறார்கள். ஆறு வாரத்தில் பார்க்கும்போது 6 மில்லிமீட்டர் விட்டம், தோலிலிருந்து 6 மில்லிமீட்டருக்குள் ஆழம், நிமிடத்துக்கு 600 மில்லிலிட்டர் ஓட்டம்.

1960-ல் அமெரிக்காவின் சியாட்டலில் பெல்டிங் ஸ்கிரிப்னர் குழு டெஃப்லான் குழாயைக் கையின் வெளியே பொருத்தித்தான் தொடர்ந்து டயாலிசிஸ் செய்ய வழி கண்டது. அது அடைத்துக்கொள்ளும், கிருமி பிடிக்கும். நியூயார்க்கில் ஜேம்ஸ் சிமினோ, மைக்கேல் பிரெஷியா, அறுவை மருத்துவர் கென்னத் ஆப்பெல் மூவரும் வெளியிலிருந்து எதையும் செருகாமல், கையில் ஏற்கெனவே இருக்கும் இரண்டு குழாய்களையே இணைத்துப் பார்த்தார்கள். 1966-ல் வெளியிட்டார்கள். இத்தனை ஆண்டுகளுக்குப் பிறகும் இதைவிட நல்ல வழி வரவில்லை. மலேசியாவில் இன்று 50,000 பேருக்கு மேல் டயாலிசிஸில் இருக்கிறார்கள். 2019-ஆம் ஆண்டின் தேசிய சுகாதார ஆய்வில் பெரியவர்களில் 18.3 விழுக்காட்டினருக்கு இனிப்புநீர். இனவாரியாகப் பார்த்தால் நம்மவர்கள்தான் முன்னால் நிற்கிறார்கள். ஃபிஸ்துலா என்ற சொல் இன்னும் எத்தனையோ தமிழ் வீடுகளின் வாசலைத் தட்டப்போகிறது.

வார்டிலிருந்து வந்த வாரம் அப்பாவின் மணிக்கட்டில் அவருடைய விரலையே வைத்தேன்.

"என்னப்பா தெரியுது?"

"நாடி. அடிக்குது."

"அந்தக் குழாயோட பேரும் நாடிதான். சிலோன்ல அப்படித்தான் படிக்கிறாங்க. இது இதயத்துலருந்து வர்ற லைன். இந்தா, மேல நீலமா ஓடுதே, இது அடிக்குதா?"

"இல்ல."

"இது நாளம். திரும்பிப் போற லைன். இந்த ரெண்டையும் சேர்த்துத் தைக்கிறாங்க. வெரல மடக்குற நரம்பு வேற. அத வெட்டுறதில்ல."

கொஞ்ச நேரம் இரண்டு இடத்தையும் மாற்றி மாற்றித் தொட்டுப் பார்த்தார். பிறகு ஒரு கேள்வி கேட்டார். "அப்ப வெரலுக்கு ரத்தம் எப்படிப் போகும்?" நல்ல கேள்வி. சிலருக்கு அந்தக் குறைபாடு வரவும் செய்கிறது. மறுமுறை மருத்துவரிடம் அதையே கேட்டார். மருத்துவர் மணிக்கட்டின் இரண்டு பக்கத்தையும் அழுத்திப் பிடித்து, உள்ளங்கை வெளுத்ததும் சுண்டுவிரல் பக்கத்தை மட்டும் விட்டுக் காட்டினார். உள்ளங்கை மறுபடி சிவந்தது. கைக்கு இரண்டு நாடி, ஒன்றை எடுத்துக்கொண்டாலும் இன்னொன்று பார்த்துக்கொள்கிறது. அப்பா அன்றே கையெழுத்துப் போட்டார்.

அறுவை முடிந்த மறுநாள் மிஸ்ஸி வந்து, "த்ரில் இருக்கா அங்கிள்?" என்றார். "த்ரில் எங்கம்மா, பயம்தான் இருக்கு" என்றார் அப்பா. இணைத்த இடத்தில் விரல் வைத்தால் தெரியும் அதிர்வுக்கு மருத்துவத்தில் த்ரில் என்று பெயர். பதினெட்டாம் நூற்றாண்டிலேயே லண்டனில் வில்லியம் ஹன்டர், ரத்தம் இறக்கும்போது தவறிக் குத்தியதால் தமனியும் சிரையும் ஒட்டிக்கொண்ட நோயாளிகளிடம் இதைக் கவனித்து எழுதியிருக்கிறார். ஸ்டெதஸ்கோப் வைத்துக் கேட்டால் எங்கள் பம்ப் அறையின் கதவுக்கு வெளியே நிற்பதுபோல இருக்கும். அப்பா அதற்கு வைத்த பெயர் மோட்டர். அம்மா தினமும் காலையில் கோப்பியைக் கொடுத்துவிட்டு அந்தக் கையைத் தொடுவார். "மோட்டர் ஓடுதா?" ஓடவில்லை என்றால் ரத்தம் உறைந்திருக்கிறது, அன்றைக்கே ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டும். அந்தக் கையில் ரத்த அழுத்தம் பார்க்கக்கூடாது, கனம் தூக்கக்கூடாது, அழுத்திப் படுக்கக்கூடாது. எல்லாவற்றையும் அப்பா 'மோட்டருக்கு ஆகாது' என்ற ஒரே வரியில் வைத்திருக்கிறார்.

காப்பார் பக்கத் தோட்டத்தில் சிறுவயதில் பாட்டியோடு பால் வெட்டப் போனவர் அவர். ஊசியை ஒரே இடத்தில் குத்தாமல் இடம் மாற்றி மாற்றிக் குத்த வேண்டும், இல்லாவிட்டால் குழாய் வீங்கிவிடும் என்று மிஸ்ஸி விளக்கியபோது பாதியிலேயே தலையாட்டிவிட்டார். "பால்மரம் மாதிரிதாம்மா. வெட்டுன எடத்துலயே ஆழமா வெட்டுனா பட்ட வீணாப் போயிரும்." நான் யாருக்கும் இவ்வளவு நன்றாக அதை விளக்கியிருக்க முடியாது.

நாடி, நாளம் என்பதே சரியான தமிழ், தமனி, சிரை தவறு என்று நான் சொல்ல வரவில்லை. நாடி பழைய சொல், அதன் பழைய சுமையும் கூடவே வருகிறது. சித்த மருத்துவத்தில் நாடிகள் 72,000. இடகலை, பிங்கலை, சுழுமுனை எல்லாம் அதற்குள் அடங்கும். சுசுருதர் 700 சிரைகளும் 24 தமனிகளும் என்று கணக்கிட்டபோது அவர் நினைத்ததும் இன்றைய சிரை, தமனி அல்ல. ரத்தம் சுற்றி வருகிறது என்பதை வில்லியம் ஹார்வி நிறுவியதே 1628-ல்தான். தேர்வுத்தாளுக்கு நிலையான ஒரு கலைச்சொல் வேண்டும். தமனி அங்கே நன்றாக வேலை செய்யும். ஆனால் கட்டிலோரம் வேறு இடம். அங்கே சொல்லப்படும் சொல்லை விரலால் தொட்டுச் சரிபார்க்க முடிய வேண்டும். தமனி என்றால் அப்பாவுக்கு அதுவும் ஒரு ஃபிஸ்துலாதான். நாடி என்றால் அவர் கை தானாக மணிக்கட்டுக்குப் போகிறது.

இப்போது கிள்ளானில் அவர் போகும் டயாலிசிஸ் நிலையத்துக்குப் புதிதாக ஓர் அம்மா வருகிறார், கழுத்துக் குழாயோடு. கையில் வெட்டுவதற்கு மாட்டேன் என்கிறாராம். போன சனிக்கிழமை அப்பா தன் இடது கையை நீட்டி, "தொட்டுப் பாருங்கக்கா, இது நாடி, இது நாளம், நரம்பு கிட்டவே போகல" என்றிருக்கிறார். அந்த அம்மா தொட்டுப் பார்த்துவிட்டுக் கையை வெடுக்கென்று எடுத்துக்கொண்டார். இன்னும் சரி சொல்லவில்லை. செவ்வாய்க்கிழமை மகளையும் கூட்டிவரச் சொல்லியிருக்கிறார் அப்பா.