புட்டனெஸ்காவும் நெத்திலிக் கருவாடும்

பாஸ்தா என்றால் நம்ம ஊரில் ரெண்டே வகைதான். ஒன்று வெள்ளை, இன்னொன்று சிவப்பு. எது கேட்டாலும் மேலே சீஸைக் கொட்டித் தருவார்கள். ஆனால் இத்தாலியில் பாலும் வெண்ணெயும் எட்டிக்கூடப் பார்க்காத, பெரும்பாலும் சீஸே போடாத ஒரு பாஸ்தா உண்டு. வாயில் வைத்ததும் உப்பு, புளிப்பு, காரம், மீன் வாசனை நாலும் சேர்ந்து வந்து மோதும். பெயர் ஸ்பகெட்டி அல்லா புட்டனெஸ்கா. நேப்பிள்ஸ் பக்கத்துச் சரக்கு.

அதை மரக்காணத்தில் சமைத்தால் எப்படி இருக்கும்? சிரிக்க வேண்டாம். காரணம் இருக்கிறது.

முதலில் இந்தப் புட்டனெஸ்காவில் என்னதான் இருக்கிறது என்று பார்த்துவிடலாம். தக்காளி, பூண்டு, ஆலிவ் எண்ணெய், காய்ந்த மிளகாய். இதெல்லாம் இத்தாலியில் எந்த வீட்டிலும் இருப்பது. இதோடு கருப்பு ஆலிவ் காய், கேப்பர் மொட்டு, ஆஞ்சோவி மீன் மூன்றும் சேரும்போதுதான் அது புட்டனெஸ்கா. (நேப்பிள்ஸ்காரர்கள் மீன் போட மாட்டார்கள். ரோம் பக்கம் போனால் மீன் இல்லாமல் முடியாது. சாம்பாரில் வெல்லம் போடுவதா வேண்டாமா சண்டை அங்கேயும் உண்டு.)

பெயரைப் பற்றி ஒரு வார்த்தை. புட்டானா என்றால் இத்தாலிய மொழியில் வேசி. "வேசியர் பாணி" என்றுதான் பெயருக்குப் பொருள் வருகிறது. அவர்கள் வேலைக்கு நடுவே அவசரமாகச் செய்துகொண்டது என்று ஒரு கதை. அந்த வாசனையால் ஆட்களை இழுத்தார்கள் என்று இன்னொரு கதை. எதற்கும் ஆதாரம் கிடையாது. இன்னொன்று, இஸ்கியா தீவில் 1950களில் உணவகம் நடத்திய சாண்ட்ரோ பெட்டி என்பவரைப் பற்றிச் சொல்லப்படுவது. கடை மூடும் நேரத்தில் பசியோடு வந்த நண்பர்கள், "எந்தக் கண்றாவியையாவது பண்ணிப் போடுப்பா" என்றார்களாம். அந்தக் 'கண்றாவி'க்கு அவர்கள் பேச்சில் இருந்த சொல்தான் பெயராக ஒட்டிக்கொண்டதாம். 1961-ல் வந்த ரஃபேலே லா காப்ரியாவின் நாவல் ஒன்றில் இந்தப் பெயர் வருகிறது. ஆக, பெயர் ரொம்பப் பழையதாகத் தெரியவில்லை. கேவலமான பெயர், மலிவான பொருட்கள், கடைசி நிமிடச் சமையல். இன்றைக்கு அதையே நட்சத்திர ஹோட்டலில் மெழுகுவர்த்தி ஏற்றிவைத்துப் பரிமாறுகிறார்கள்!

அந்த மூன்று பொருளுக்கு வருவோம். ஆலிவ் காயை மரத்தில் இருந்து பறித்து அப்படியே தின்ன முடியாது. குமட்டும் அளவுக்குக் கசக்கும். உப்புத் தண்ணீரில் வாரக்கணக்கில், மாதக்கணக்கில் ஊறினால்தான் கசப்பு இறங்கும். கேப்பர் என்பது ஒரு முட்புதரின் பூமொட்டு. சிசிலிக்குத் தெற்கே பாண்டெல்லேரியா தீவில் அதைக் கல்லுப்பில் புரட்டிப் பக்குவம் பண்ணுகிறார்கள். ஆஞ்சோவி மீனைத் தலையும் குடலும் நீக்கி, மீன் ஒரு அடுக்கு உப்பு ஒரு அடுக்கு என்று அடுக்கி, மேலே பாரம் வைத்து மாதக்கணக்கில் விட்டுவிடுவார்கள். சதை மெல்ல மெல்லச் சிவந்து, எண்ணெயில் போட்டால் கரைந்துபோகிற பதத்துக்கு வந்துவிடும்.

கவனித்தீர்களா? மூன்றுமே உப்பு செய்த வேலை. புட்டனெஸ்கா சாஸில் தனியாக உப்பு போடுவதில்லை. போட வேண்டிய உப்பை எல்லாம் எப்போதோ, வேறு யாரோ, வேறு எங்கோ போட்டு முடித்துவிட்டார்கள். சமைப்பவர் செய்வதெல்லாம் அந்த மூன்று உப்பையும் தக்காளியில் அவிழ்த்து விடுவது மட்டும்தான்.

இப்போது மரக்காணம். விழுப்புரம் மாவட்டத்தில், கிழக்குக் கடற்கரைச் சாலையில், புதுச்சேரிக்கு வடக்கே சுமார் 35 கி.மீ. அந்தச் சாலையில் போனவர்கள் எல்லோரும் பார்த்திருப்பார்கள். கண் கூசும் பாத்திகள், நடுநடுவே வெள்ளைக் குவியல்கள். வண்டியை நிறுத்திப் போட்டோ எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுவோம்.

அந்தப் பாத்திகளில் நடப்பது சமையலைவிட நுணுக்கமான வேலை. கடல் தண்ணீரில் லிட்டருக்குச் சுமார் 35 கிராம் உப்புகள் கரைந்திருக்கும். உப்புநீரை ஒரு பாத்தியில் இருந்து அடுத்த பாத்திக்கு மாற்றி மாற்றி வெயிலில் சுண்ட வைக்கிறார்கள். அடர்த்தி பாமே அளவில் 25 டிகிரியைத் தொடும்போது சோற்றுப்பு படிகமாக ஆரம்பிக்கும். அதற்கு முன்னாலேயே ஜிப்சம் அடியில் தங்கிவிடும். 30 டிகிரிக்கு மேல் போக விட்டால் மக்னீசியம் உப்புகளும் சேர்ந்து படிந்து கசப்பு வந்துவிடும். எப்போது தண்ணீர் விடுவது, எப்போது வாருவது, எப்போது வடித்துவிடுவது என்ற கணக்கெல்லாம் அங்கே வேலை செய்பவர்களுக்கு அத்துப்படி. சிசிலியின் ட்ராப்பானி உப்பளங்களிலும் இதே வெயில், இதே பாத்தி, இதே கணக்குதான். ஒரே வித்தியாசம், அங்கே அழகான பழைய காற்றாலைகள் நிற்கின்றன. டூரிஸ்ட்டுகள் டிக்கெட் வாங்கிப் போய்ப் பார்க்கிறார்கள்.

உப்பு இருக்கிற ஊரில் உப்பில் ஊறுவதும் உப்பில் காய்வதும் இல்லாமல் போகுமா? ஒவ்வொன்றாகப் பாருங்கள்.

ஆஞ்சோவிக்கு நம்மிடம் நெத்திலி. ரெண்டும் ஒரே குடும்பம். மீன் நூல்களில் எங்க்ராலிடே என்ற தலைப்பின் கீழே ரெண்டும் பக்கத்துப் பக்கத்தில்தான் இருக்கும். ஆனால் ஒரு விஷயம். ஆஞ்சோவி உப்பில் ஊறிப் பழுத்தது, நெத்திலிக் கருவாடு வெயிலில் காய்ந்தது. எனவே அதுபோலத் தானாகக் கரையாது, கொஞ்சம் உதவி செய்ய வேண்டும்.

ஆலிவுக்கு மாவடு. அதுவும் பச்சையாகத் தின்ன முடியாமல், உப்புநீரில் சுருங்கிப் பதமாகிற காய்தான். எண்ணெய்ச் சத்து மட்டும் கிடையாது.

கேப்பருக்கு மணத்தக்காளி வற்றல். உருண்டை, உப்பு, லேசான கசப்பு என்று எல்லாம் பொருந்தும். இல்லையென்றால் ஆதொண்டைக்காய் வற்றல். இதில் ஒரு சுவாரசியம். கேப்பரும் ஆதொண்டையும் தாவரவியலில் கப்பாரிஸ் என்ற ஒரே பேரினம். தொண்டை நாடு என்ற பெயரே இந்தக் கொடியால் வந்தது என்பவர்கள் உண்டு, இல்லை அது கோவைக்கொடி என்பவர்களும் உண்டு. மரக்காணம் இருப்பது அந்தத் தொண்டை நாட்டில்.

சரி, அடுப்பைப் பற்ற வைப்போம். மூன்று பேருக்கு:

ஸ்பகெட்டி – 250 கிராம்
நாட்டுத் தக்காளி நன்றாகப் பழுத்தது – 6
நெத்திலிக் கருவாடு – ஒரு சின்னக் கைப்பிடி
மாவடு – 6
மணத்தக்காளி வற்றல் – ஒரு மேசைக்கரண்டி
பூண்டு – 5 பல்
காய்ந்த மிளகாய் – 2
எண்ணெய் – 4 மேசைக்கரண்டி (ஆலிவ் எண்ணெய் இருந்தால் சரி, செக்கு நல்லெண்ணெயும் கருவாட்டுக்கு நன்றாகவே ஒத்துப்போகும்)
கொத்தமல்லித் தழை – கொஞ்சம்

கருவாட்டைத் தலை கிள்ளி, வெந்நீரில் பத்து நிமிடம் போட்டு, மணல் போக மூன்று தடவை அலசவும். பாதியை அம்மியிலோ மிக்ஸியிலோ கொரகொரவென்று நசுக்கவும். மீதியை அப்படியே வைத்துக்கொள்ளவும். மாவடுவைக் கழுவி, கொட்டை நீக்கி நறுக்கவும்.

எண்ணெயில் முதலில் வற்றலை வறுத்துத் தனியாக எடுத்துவிடவும். கருகினால் மொத்தமும் கசந்துபோகும். அதே எண்ணெயில் முழு நெத்திலியை மொறுமொறுப்பாக வறுத்து அதையும் எடுத்து வைக்கவும். பிறகு தீயைக் குறைத்து, நசுக்கிய பூண்டு, கிள்ளிய மிளகாய், நசுக்கிய கருவாடு. ரெண்டு நிமிடத்தில் தெரு முழுக்கச் செய்தி போய்விடும் :-) அடுத்து தக்காளியைக் கையால் பிசைந்து ஊற்றி, எண்ணெய் பிரியும் வரை கொதிக்க விடவும். கடைசியில் மாவடு.

பாஸ்தா வேகும் தண்ணீருக்கு லிட்டருக்கு 10 கிராம் உப்பு என்பது இத்தாலியக் கணக்கு. இங்கே அதில் பாதி போதும். ரெண்டு நிமிட வேக்காடு பாக்கி இருக்கும்போதே எடுத்து சாஸில் போட்டு, அந்தக் கஞ்சித் தண்ணீரில் ஒரு கரண்டி ஊற்றிப் புரட்டினால் சாஸ் நூடுல்ஸைக் கெட்டியாகப் பிடித்துக்கொள்ளும். மேலே வறுத்த நெத்திலி, வற்றல், கொத்தமல்லி. சாஸில் ஒரு கல் உப்பு கூடப் போட வேண்டாம். சீஸ் கேட்பவர்களுக்கு அப்பளம் கொடுக்கலாம்.

இது அசல் புட்டனெஸ்காவா என்றால், இல்லை. நேப்பிள்ஸ் பாட்டி யாராவது பார்த்தால் கரண்டியைத் தூக்கிக்கொண்டு வருவார். புதுச்சேரி கடைகளில் கேப்பர் பாட்டிலும் ஆலிவ் பாட்டிலும் கிடைக்கின்றன, அசலாகவே செய்ய ஆசைப்படுபவர்கள் வாங்கிக்கொள்ளலாம். ஆனால் அந்த ஒரு சின்ன பாட்டிலின் விலைக்கு எத்தனை கிலோ உப்பு வரும் என்று வீட்டுக்கு வரும் வழியில் கணக்குப் போட்டுப் பாருங்கள்.

உண்மையில் இந்தக் கரைக்கு இத்தாலியின் உப்பு வாசனை புதுசே இல்லை. புதுச்சேரிக்குத் தெற்கே அரிக்கமேட்டில் 1945-ல் மார்ட்டிமர் வீலர் தோண்டினார். அதன்பிறகும் அகழாய்வுகள் நடந்தன. அங்கே கிடைத்த ரோமானியர் காலத்து ஆம்போரா ஜாடிகளை ஆராய்ந்தவர்கள், அவற்றில் மது, ஆலிவ் எண்ணெய், கூடவே கரும் என்ற பொருளும் வந்திறங்கியதாகச் சொல்கிறார்கள். கரும் என்பது மீனை உப்பில் ஊறவைத்து இறக்கிய சாறு. ஆஞ்சோவிக்கு முப்பாட்டன் மாதிரி. கி.பி. முதல் நூற்றாண்டில் எழுதப்பட்ட பெரிப்ளூஸ் என்ற கிரேக்கக் கடல்வழிக் கையேடு இந்தக் கரையில் பொடுகே, சோபட்மா என்று துறைமுகங்களைச் சொல்கிறது. பொடுகே புதுச்சேரிப் பக்கம், சோபட்மாதான் மரக்காணம் என்று அடையாளம் காட்டுபவர்கள் இருக்கிறார்கள். அப்போது அவர்களிடமும் தக்காளி இல்லை, நம்மிடமும் இல்லை. மிளகாயும் கிடையாது. ரெண்டும் அமெரிக்கக் கண்டத்தில் இருந்து 15-ஆம் நூற்றாண்டுக்குப் பிறகு வந்தவை. ரெண்டு ஊருக்கும் நடுவே முதலில் இருந்தே பொதுவாக இருந்தது உப்பும் மீனும்தான்.

நம்ம பக்கத்துச் சாட்சியும் உண்டு. சிறுபாணாற்றுப்படை, ஓய்மான் நாட்டு நல்லியக்கோடனிடம் பரிசு பெறப் போகும் பாணனுக்கு வழி சொல்கிறது. வழியில் எயிற்பட்டினம் என்ற கடற்கரை ஊர். அதுவும் மரக்காணம்தான் என்பது அறிஞர்கள் பலரின் கருத்து. அங்கே பரதவர் அவனுக்குப் பழைய கள்ளோடு என்ன தருவார்கள் தெரியுமா? சுட்ட கருவாடு. வாசலுக்கு வந்த விருந்தாளிக்கு மரியாதையாகக் கொடுத்த உணவு அது.

இன்றைக்கு நிலைமை என்ன? கருவாடு வறுத்தால் வீட்டு ஓனர் வந்து நிற்கிறார். ஹாஸ்டல் அறையில் கருவாட்டுப் பொட்டலத்தை மூன்று பிளாஸ்டிக் பைக்குள் ஒளித்துவைக்க வேண்டியிருக்கிறது. 2021 டிசம்பரில் குளச்சலில் மீன் விற்றுவிட்டு வீடு திரும்பிய ஒரு மூதாட்டியை நாற்றம் என்று சொல்லி அரசுப் பேருந்தில் இருந்து இறக்கிவிட்டார்கள். அவர் பேருந்து நிலையத்தில் நின்று நியாயம் கேட்ட வீடியோவைத் தமிழ்நாடே பார்த்தது. முதலமைச்சர் கண்டித்தார், ஊழியர்கள் இடைநீக்கம் செய்யப்பட்டார்கள். ஆனால் அந்த மூக்குச் சுளிப்பை யார் இடைநீக்கம் செய்வது? அதே மூக்கு கண்ணாடி பாட்டிலில் ஆலிவ் எண்ணெயோடு வரும் ஆஞ்சோவியைத் திறந்து, "ஆஹா, என்ன ஃபிளேவர்" என்கிறது.

உப்பு விளைவிப்பவர்களின் கதையும் கிட்டத்தட்ட இதுதான். நாடு முழுக்க ஒவ்வொரு அடுப்பிலும் அவர்கள் உழைப்பு இருக்கிறது. கையில் கிடைப்பது வெயில் காலத்துக் கூலி மட்டும். மழை தொடங்கினால் பாத்திகள் குளமாகிவிடும், வேலை கிடையாது. 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரை கடந்தபோது மரக்காணத்து உப்பளங்கள் தண்ணீருக்குள் போயின. வெள்ளம் வடிந்ததும் உடனே உப்பு வாரிவிட முடியாது. சேற்றை அள்ளி, வரப்புக் கட்டி, தரையை மிதித்து இறுக்கிய பிறகுதான் முதல் தண்ணீர் விட முடியும். அதெல்லாம் கால் புண்ணோடும் கண் எரிச்சலோடும் ஆண்களும் பெண்களும் செய்கிற வேலை. ஆனால் உப்பு என்றால் நமக்கு ஞாபகம் வருவது பாக்கெட்டின் மேல் இருக்கும் கம்பெனிப் பெயர்தான்.

புட்டனெஸ்கா உலகம் முழுக்கப் போய்விட்டது, தன் பெயரை மாற்றிக்கொள்ளாமலேயே. அந்தக் கேவலமான பெயரைச் சொல்லித்தான் எல்லோரும் ஆர்டர் செய்கிறார்கள். அந்தத் தைரியம் நம்ம கருவாட்டுக்கும் வரலாம். அடுத்த தடவை நண்பர்களுக்கு இதைச் சமைத்துப் போடும்போது, வாசனை என்னவென்று யாராவது கேட்டால் "ஆஞ்சோவி" என்று சமாளிக்க வேண்டாம். நெத்திலிக் கருவாடு, மரக்காணத்து உப்பு என்றே சொல்லுங்கள். தட்டு காலியான பிறகு சொன்னால் இன்னும் நல்லது!