திருமருகலில் பிறந்த நாயனம்



நாதஸ்வரச் சக்கரவர்த்தி திருவாவடுதுறை டி. என். ராஜரத்தினம் பிள்ளை 1898-ல் பிறந்த திருமருகல், காரைக்கால் எல்லைக்கு மிக அருகில் உள்ள ஊர். திருமலைராயன்பட்டினத்திலிருந்து மேற்கே திரும்பி, திட்டச்சேரியைத் தாண்டினால் வந்துவிடும். அவர் பிறந்த காலத்தில் காரைக்காலைச் சேர்ந்த அந்தப் பட்டினம் பிரெஞ்சுக்காரர் கையில், திருமருகல் பிரிட்டிஷார் கையில். சாமி புறப்பாடும் மேளமும் மட்டும் இரு பக்கமும் ஒன்றுதான்.

தாய்மாமன் திருமருகல் நடேச பிள்ளை திருவாவடுதுறை ஆதீன வித்வான். பிள்ளையைத் தத்தெடுத்துக்கொண்டவரும் அவரே. திருக்கோடிக்காவல் கிருஷ்ணய்யரிடம் கற்ற வாய்ப்பாட்டு, பின்னாளில் நாயனத்துக்குள், அதாவது நாதஸ்வரத்துக்குள், இறங்கியது. அவருடைய வாசிப்பில் பாட்டுக்காரரின் கமகம் கேட்பதற்கு அதுதான் காரணம்.

நாயனக் கலையின் உண்மையான மேடை ராத்திரி வீதிதான். சாமி புறப்படும்போது கம்பீரநாட்டையில் மல்லாரி முழங்கும். பிறகு ஒரு ராகத்தை எடுத்தால் அடுத்த வீதி திரும்பும்வரை அது வளர்ந்துகொண்டே போகும். நடுவில் தவில் தனி. பிள்ளையின் தோடி மணிக்கணக்கில் நீளும். நீடாமங்கலம் மீனாட்சிசுந்தரம் பிள்ளை தவிலில் சேர்ந்தால் கூட்டம் விடியும்வரை கலையாது. அதே தோடி இசைத்தட்டில் ஒரு பக்கத்துக்கு மூன்றரை நிமிடத்தில் முடிந்தாக வேண்டும். தட்டு அமோகமாக விற்றது. ஆனாலும் அதை மட்டும் கேட்டவர் பிள்ளையைக் கேட்டவர் ஆகமாட்டார்.

அந்நாளில் வழக்கிலிருந்தது திமிரி நாயனம்: குட்டை, உச்ச சுருதி. அதில் சுத்த மத்யமம் சரியாகப் பேசாது. தோடிக்கோ அந்த ஸ்வரம் இல்லாமல் முடியாது. நரசிங்கம்பேட்டை ரங்கநாதன் ஆசாரி ஆச்சாமரத்தில் கடைந்து கொடுத்த நீளமான பாரி நாயனம் அந்தக் குறையைத் தீர்த்தது. சுருதியும் இறங்கியது, ஒலியும் கனத்தது. இன்று மேடைக் கச்சேரிகளில் கேட்பது பெரும்பாலும் அந்தப் பாரிதான். சுருதிக்கு ஊதும் ஒத்துக்குப் பதிலாகத் தம்புராவை வைத்துக்கொண்டதும், பாட்டுக்காரருக்குச் சமமாக மேடையில் உட்கார்ந்து வாசித்ததும், குடுமியை எடுத்துவிட்டுக் கிராப் வைத்ததும் அவர் காலத்து ஊர்ப் பெரியவர்களுக்கு அவ்வளவாகப் பிடிக்கவில்லை. சொன்ன நேரத்துக்கு வரமாட்டார் என்ற பெயரும் உண்டு; வந்து சீவாளியை வாயில் வைத்தால் கோபம் அத்தனையும் போய்விடும்.

1940-ல் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘காளமேகம்’ படத்தில் அவரே கதாநாயகன். காளமேகப் புலவர் திருமலைராயன் அவையில் வாதிட்டு, அவமதிக்கப்பட்டு, ஊரில் மண்மாரி பொழியட்டும் என்று சாபமிட்டதாகச் சொல்லும் ஊர், முன்பு சொன்ன திருமலைராயன்பட்டினம்தான். பக்கத்து ஊர்க்காரருக்கு வாய்த்த அந்த வேடம் பொருத்தமானதுதான்; ஆனால் படம் ஓடவில்லை.

1947-ல் டெல்லியில் சுதந்திர விழாவில் வாசித்தார். பிரெஞ்சுக்காரர் கையிலிருந்த காரைக்கால் இந்திய நிர்வாகத்துக்கு வந்தது 1954 நவம்பரில்; பிள்ளை காலமானது 1956 டிசம்பர் 12-ல். அவருடைய வாசிப்பைச் சீடர் காருகுறிச்சி அருணாசலம் தொடர்ந்தார். 1962-ல் ‘கொஞ்சும் சலங்கை’ படத்தில் எஸ். ஜானகியின் குரலோடு போட்டியிடும் நாயனம் அருணாசலத்தினுடையது.