இரண்டாவது விக்கெட் காப்பாளர்

தினேஷ் கார்த்திக் என்றால் நம்மவர்களுக்கு 2018 மார்ச் 18 இரவுதான் ஞாபகம் வரும். கொழும்பு பிரேமதாச மைதானம், சுதந்திரக் கிண்ண இறுதிப் போட்டி. பங்களாதேஷுக்கு எதிராகக் கடைசி 12 பந்துகளில் இந்தியாவுக்கு 34 ஓட்டங்கள் தேவை. மனுசன் வந்து 8 பந்துகளில் 29 அடித்தார். கடைசிப் பந்தில் 5 வேண்டியிருந்தது. சிக்ஸர்!

அந்த 8 பந்துகளைப் பற்றி எல்லோரும் எழுதிவிட்டார்கள். நான் சொல்ல வந்தது அதற்கு முந்திய பதின்மூன்றரை வருடங்களைப் பற்றி.

2004 செப்டெம்பரில் லோர்ட்ஸ் மைதானத்தில் இந்திய அணிக்குள் வந்தபோது அவருக்கு வயது 19. அதே டிசெம்பரில் டோனியும் வந்தார். அடுத்த டிசெம்பரில், கார்த்திக்கின் சொந்த ஊரான சென்னையில், எங்கள் இலங்கை அணிக்கு எதிராகவே டெஸ்ட் கையுறையும் டோனியிடம் போய்விட்டது.

2007இல் இங்கிலாந்தில் ஆரம்பத் துடுப்பாட்ட வீரராக இறங்கி மூன்று டெஸ்டில் 263 ஓட்டங்கள் எடுத்தார். அந்தத் தொடரில் இந்தியாவுக்குக் கூடுதலாக அடித்தவர் அவர்தான். ஆனாலும் இடம் நிலைக்கவில்லை. 2010 ஜனவரிக்குப் பிறகு அடுத்த டெஸ்ட் கிடைத்தது 2018 ஜூனில். மொத்தம் 26 டெஸ்ட். டோனிக்கு 90.

ஸப்ர் என்றால் வாய் மூடி இருப்பது என்று பலர் நினைக்கிறோம். கார்த்திக் அப்படி இருக்கவில்லை. எந்த இடத்தில் இறக்கினாலும் ஆடப் பழகினார். பிறகு கடைசி ஓவர்களையே தன் தொழிலாக்கினார். 37 வயதில் 2022 இருபது ஓவர் உலகக் கிண்ணத்தில் ஆடியது அதனால்தான்.

2024 ஜூன் 1, தன் 39ஆவது பிறந்தநாளில் ஓய்வை அறிவித்தார். அடுத்த மாதமே பெங்களூர் ஐபிஎல் அணி அவரைத் துடுப்பாட்டப் பயிற்றுவிப்பாளராக எடுத்தது. 2025 மே மாதம் லக்னோவில் 228 என்ற இலக்கைத் துரத்தி, 33 பந்துகளில் ஆட்டமிழக்காமல் 85 அடித்தவர் ஜிதேஷ் சர்மா. அவரும் விக்கெட் காப்பாளர், அவரும் இந்திய அணியில் இடத்துக்குக் காத்திருந்தவர். ஜூன் 3 இரவு, 18ஆவது பருவத்தில், பெங்களூருக்கு முதல் கிண்ணம்.

முதல் ஆளுக்குத் தானாக வருவதை இரண்டாவது ஆள் ஒவ்வொன்றாகப் பிரித்துப் படிக்க வேண்டியிருக்கிறது. அப்படிப் படித்தவருக்குப் பிரித்துச் சொல்லிக்கொடுக்கவும் வரும்.

இதை ஏன் எழுதுகிறேன் என்றால், தமிழ்த்தினப் பேச்சுப் போட்டிக்கு ஒரு பிரிவில் ஒரு பிள்ளையைத்தான் அனுப்பலாம். இங்கே சரவணையில் இரண்டாவதாக வந்த பிள்ளை என்னிடம் கேட்டாள்:

"சேர், நான் இனிப் பாடமாக்கத் தேவையில்லைதானே?"

"நீ நிற்பாட்டாதே மகள். போகிறவளுக்குப் பக்கத்தில் நின்று கேள்" என்றேன். இப்போது எந்த இடத்தில் மூச்சு விட வேண்டும், எங்கே குரலை இறக்க வேண்டும் என்று இவள்தான் அவளுக்குச் சொல்கிறாள். நான் சொல்வதைவிட அது அவளுக்கு விளங்குகிறது.

அடுத்த வருடம் இவளுக்கு இடம் கிடைக்குமா என்று என்னால் சொல்ல முடியாது. கார்த்திக்குக்கும் யாரும் அப்படி வாக்குக் கொடுக்கவில்லை. பெற்றோருக்கு ஒரு வேண்டுகோள்: வீட்டுக்கு வரும் பிள்ளையிடம் "எத்தனையாம் பிள்ளை?" என்பதோடு, "இன்றைக்கு என்ன பழகினாய்?" என்றும் கேளுங்கள்.