புக்கானன் போன பாதையில்

சகோதரிகளே, எங்கள் திமிரிப் பக்கம் பார்க்க அப்படி என்ன இருக்கிறது என்று கேட்பவர்களுக்கு ஒரு வெள்ளைக்காரரைத்தான் நான் வழிகாட்டியாகச் சொல்வது. பெயர் பிரான்சிஸ் புக்கானன். ஸ்காட்லாந்துக்காரர், கம்பெனி டாக்டர். 1799-இல் திப்பு சுல்தான் வீழ்ந்ததும், மைசூர்ச் சீமையில் என்ன விளைகிறது, ஜனங்கள் எப்படிப் பிழைக்கிறார்கள் என்று பார்த்து எழுத வெல்லெஸ்லி பிரபு இவரை அனுப்பினார். 1800 ஏப்ரலில் சென்னையிலிருந்து கிளம்பி, காஞ்சிபுரம், காவேரிப்பாக்கம், ஆற்காடு, வேலூர் வழியாக மேற்கே போனார். அவர் எழுதியது 1807-இல் லண்டனில் 3 பெரிய புத்தகங்களாக வந்தது.

திமிரிக்கு அவர் வரவில்லை. 1751-இல் கிளைவ் பிடித்த கோட்டை எங்களூர்க் கோட்டை என்று நாங்களே பெருமை பேசிக்கொள்ள வேண்டியதுதான்! ஆனால் இங்கிருந்து ஆற்காட்டுக்குப் பஸ் ஏறி, பாலாற்றுப் பாலம் தாண்டி, வாலாஜா வழியாகக் காவேரிப்பாக்கம் போனால் அவர் வந்த பாதையை எதிர்ப்பக்கமாகப் பிடித்துவிடலாம்.

ராஜா ராணி கதையில் மயங்காமல், ஒரு வீட்டுக்காரி மாதிரி, தண்ணி எங்கேயிருந்து வருது, என்ன பயிர், என்ன துணி நெய்யறாங்க என்று விசாரித்துக்கொண்டே போன மனுஷர் அவர். காவேரிப்பாக்கம் ஏரி சுமார் 8 மைல் நீளம், 3 மைல் அகலம் என்று எழுதினார். (கொஞ்சம் தாராளமான கணக்குதான்!) இத்தனை ஜனங்களுக்குச் சோறு போடும் இந்த ஏரியைப் போல வேறெந்தப் பொதுக் காரியமும் தனக்கு இவ்வளவு திருப்தி தந்ததில்லை என்றார். பல்லவ ராஜா மூன்றாம் நந்திவர்மன் காலத்து ஏரி என்கிறார்கள். அவருடைய 'அவனிநாராயணன்' என்ற பட்டப்பெயரால்தான் அந்த நாளில் ஊருக்கே அவனிநாராயண சதுர்வேதிமங்கலம் என்று பெயர். ஏரிக்குப் பாலாற்றுத் தண்ணீர் கால்வாய் வழியாக வருகிறது. கரைமேல் நின்றால் கண்ணுக்கெட்டிய மட்டும் தண்ணீர். கீழே நெல் வயல். பார்க்கப் பார்க்க வயிறு நிறைகிற மாதிரி இருக்கும்.

ஆற்காட்டில் பாலாறு அரை மைல் அகலம், ஆனால் ஒரு மாவு மில்லைச் சுற்றவும் போதாத தண்ணீர் என்று எழுதினார். "அந்தக் காலத்தில் ஆறு நிறைய ஓடிற்று" என்று பெரியவர்கள் சொல்வதை நம்பியிருந்த எனக்கு இதைப் படித்ததும் ஆச்சரியமாகப் போயிற்று. அப்போதும் கோடையில் வெறும் மணல்தான்! ஆனால் மணலைத் தோண்டினால் தெளிந்த நீர் ஊறி வரும். ஊற்றுக்கால் வெட்டி அதை வயலுக்குப் பாய்ச்சினார்கள்.

கெட்டுப்போனது அந்த அடித் தண்ணீர்தான். மணலையும் அள்ளினார்கள், வாணியம்பாடி, ஆம்பூர், ராணிப்பேட்டைத் தோல் ஷாப்புகளின் உப்பும் குரோமியமும் மண்ணில் இறங்கின. தோல் வேலையால் எத்தனையோ குடும்பங்களில் அடுப்பு எரிகிறது, அதையும் மறக்கக் கூடாது. ஆனால் கிணற்றுத் தண்ணியில் பருப்பு வேகலைன்னு சொல்கிற பெண்களுக்கு யார் பதில் சொல்வது? 1996-இல் சுப்ரீம் கோர்ட் நஷ்ட ஈடு கொடுக்கச் சொல்லித் தீர்ப்பளித்தது. 2025 ஜனவரியில் திரும்பவும் சொல்ல வேண்டி வந்தது. 2021 நவம்பரில் பாலாற்றில் பெருவெள்ளம் போனபோது எல்லோரும் பாலத்தின் மேல் நின்று வேடிக்கை பார்த்தோம். வெள்ளம் வடிந்தது, உப்பு வடியவில்லை.

போவதானால் ஐப்பசி மழைக்குப் பிறகு, கார்த்திகை, மார்கழியில் போங்கள். அப்போதுதான் ஏரி நிரம்பிக் கலங்கலில் தண்ணீர் விழும் அழகைப் பார்க்கலாம். திரும்பும்போது ஆற்காட்டில் மக்கன் பேடா வாங்க மறக்காதீர்கள். குழந்தைகளுக்குக் குடிக்கத் தண்ணீர் மட்டும் வீட்டிலிருந்தே எடுத்துப் போங்கள்.