42 நாள் கணக்கு

தைப்பிங்கிலிருந்து புக்கிட் லாருட்டுக்குப் போகும் சாலை, போர்வீரர் கல்லறைத் தோட்டத்தை இரண்டாகப் பிரித்துக்கொண்டு போகிறது. ஒரு பக்கம் கிறிஸ்தவர்கள். எதிர்ப்பக்கம் முஸ்லிம்கள், இந்துக்கள், கூர்க்காக்கள். 800க்கும் மேற்பட்ட கல்லறைகளில் பாதிக்கு மேல் யாருடையவை என்றே தெரியாது. பெயர் இருக்க வேண்டிய இடத்தில் 'இந்திய ராணுவ வீரர்' என்று மட்டும் இருக்கும். காலை நடைக்கு அந்த வழியே போகும் எங்களில் நின்று படிப்பவர்கள் குறைவு. நம்மைக் காக்க வந்து செத்தவர்கள் என்று சொல்லிவிட்டு நடக்கிறோம். அவர்களை இங்கே கொண்டுவந்து நிறுத்தியது ஒரு வாக்குறுதி. அதற்கு நாள் கணக்கும் இருந்தது.

முதல் உலகப் போருக்குப் பிறகு லண்டனில் போட்ட திட்டம் இது. சிங்கப்பூரில் பெரிய கடற்படைத் தளம் கட்டுவார்கள்; கப்பல்களை மட்டும் அங்கே நிறுத்த மாட்டார்கள். ஜப்பான் வந்தால் ஐரோப்பாவிலிருந்து கப்பற்படை புறப்பட்டு வரும். 42 நாள் தாக்குப்பிடித்தால் போதும். ஆஸ்திரேலியா இதை நம்பியது. நியூசிலாந்து தளம் கட்டப் பணமும் கொடுத்தது. பிறகு ஐரோப்பாவில் ஹிட்லர் தலையெடுக்க, 42 நாள் 70 ஆனது. 1939 நடுவில் 90. செப்டம்பரில் போர் தொடங்கியதும் 180. வாக்கை யாரும் திரும்பப் பெறவில்லை. தேதிதான் தள்ளிக்கொண்டே போனது.

1941 டிசம்பர் 8இல் ஜப்பானியர் கோத்தா பாருவில் இறங்கினார்கள். அதற்குள் சிங்கப்பூருக்கு வந்திருந்த பெரிய போர்க்கப்பல்கள் இரண்டுதான்: பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ், ரிபல்ஸ். விமானத் துணை இல்லாமல் போன இரண்டும் 10ஆம் தேதி குவாந்தானுக்கு அப்பால் கடலுக்கடியில் போயின. நிலத்தில் 11வது இந்திய டிவிஷன் கெடாவிலிருந்து பின்வாங்கிக்கொண்டே வந்தது. அடிபட்ட இரண்டு ஆங்கிலேயப் பட்டாளங்களில் மிஞ்சியவர்களை ஒன்றாகச் சேர்த்து, 'பிரிட்டிஷ் பட்டாலியன்' என்று பெயரிட்டு, கம்பாரில் நிறுத்தினார்கள். அங்கே நாலு நாள் தாங்கினார்கள். ஜனவரி 2ஆம் தேதி சீக்கியர்கள் துப்பாக்கி முனையில் கத்தியைச் செருகிக்கொண்டு மேட்டில் ஏறினார்கள். பிப்ரவரி 15இல் சிங்கப்பூர் விழுந்தது. எண்ணிப் பாருங்கள், போர் தொடங்கிய 70ஆம் நாள். இடையில் போட்ட கணக்கின்படி, கப்பற்படை வந்து சேர்ந்திருக்க வேண்டிய நாள்.

பினாங்கில் நடந்தது இன்னும் மோசம். டிசம்பர் 11இல் குண்டு விழுந்தது. சில நாளில் வெள்ளைக்காரர்கள் இரவோடு இரவாகக் கப்பலேறிவிட்டார்கள். தமிழனுக்கும் சீனனுக்கும் மலாய்க்காரனுக்கும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. விடிந்தபோது தீவில் அரசாங்கமே இல்லை. கோர்ன்வாலிஸ் கோட்டையில் பிரிட்டிஷ் கொடி மட்டும் பறந்துகொண்டிருந்தது. அதை இறக்கியவர் மாணிக்கசோதி சரவணமுத்து, ஸ்ட்ரெய்ட்ஸ் எக்கோ பத்திரிகையின் ஆசிரியர், இலங்கைத் தமிழர். ஊரில் காவலுக்கு ஆளில்லை என்று வானொலியில் ஜப்பானியருக்கு அறிவித்து, குண்டு போடுவதை நிறுத்தச் சொன்னவரும் அவர்தான். ஒரு பேரரசு காப்பாற்றுவதாகச் சொன்ன ஊரை, கடைசியில் பத்திரிகைக்காரர் ஒருவரும் ஊர்ப் பெரியவர்கள் சிலரும் கூடிக் காப்பாற்ற வேண்டியிருந்தது. நம் பள்ளிப் பாடத்தில் அவர் பெயருக்கு இன்னும் கொஞ்சம் இடம் கொடுத்திருக்கலாம்.

நான் பிறந்தபோது அந்தப் போர் ஓய்ந்திருந்தது, வளர்ந்தது கம்யூனிஸ்டுகளுக்கு எதிரான அவசரகாலத்தில். எங்கள் ரப்பர்த் தீம்பாரைச் சுற்றி முள்வேலி. பால்வெட்டுக்குப் போகும் அப்பா கையில் சோறு கொண்டுபோகக் கூடாது, காட்டிலிருப்பவர்களுக்குப் போய்விடுமாம். கடையில் மத்தி டின் வாங்கினால் கடைக்காரர் அங்கேயே ஓட்டை போட்டுத்தான் தருவார். அன்றைக்கே தின்று தீர்க்க வேண்டும். பாதுகாப்பு என்ற சொல்லுக்கு அந்த ஓட்டையிலிருந்து ஒழுகும் தக்காளிக் குழம்பு வாசம்தான் எனக்கு இன்றைக்கும் நினைவுக்கு வருகிறது. பிரிட்டன், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, பிஜி, கிழக்கு ஆப்பிரிக்கா என்று எங்கெங்கிருந்தோ பட்டாளம் வந்தது. தைப்பிங்கில் முகாம் போட்டிருந்த நியூசிலாந்துக்காரர்களில் மாவோரிகள் நிறைய. அவர்கள் லாரியில் பாடிக்கொண்டு போனால் லயத்துப் பிள்ளைகள் பின்னாலேயே ஓடுவோம்.

சுதந்திரத்தோடு 1957இல் பிரிட்டனுடன் பாதுகாப்பு ஒப்பந்தம் ஆனது. இந்தோனேசியா மோதலில் இறங்கிய 1963 முதல் 1966 வரை அது நன்றாகவே கைகொடுத்தது என்பதையும் சொல்ல வேண்டும். 1968 ஜனவரியில் பிரதமர் ஹரோல்ட் வில்சன், 1971 முடிவுக்குள் படைகளைத் திரும்ப அழைத்துக்கொள்வதாக அறிவித்தார். அதன் பிறகு பிறந்ததுதான் ஐந்து நாட்டுத் தற்காப்பு ஏற்பாடு: மலேசியா, சிங்கப்பூர், பிரிட்டன், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து. 1971 நவம்பரில் நடப்புக்கு வந்தது. ஒருவரைத் தாக்கினால் எல்லாரையும் தாக்கியதாகும் என்று நேட்டோக்காரர்கள் 1949இல் எழுதிக்கொண்ட வீராப்பு இதில் கிடையாது. மலேசியாவையோ சிங்கப்பூரையோ வெளியார் தாக்கினால், தாக்கப்போவதாக மிரட்டினால், ஐந்து பேரும் உடனே கலந்து பேச வேண்டும். அவ்வளவுதான். "பேசுறதுக்கு எதுக்குய்யா ஒப்பந்தம்?" என்று அப்போது காப்பிக்கடையில் சிரித்தவர்கள் உண்டு.

எனக்கு அந்தச் சிரிப்பு வரவில்லை. தீம்பாரில் மரண சகாய நிதி நடத்தியவர்களுக்குத் தெரியும்: "உனக்கொன்னுன்னா நான் இருக்கேன்டா" என்று கள்ளுக்கடையில் தோளில் கைபோட்டவன் சாவு வீட்டில் தென்பட மாட்டான். மாதம் ஒரு வெள்ளி சந்தா கட்டி, கூட்டத்துக்கு வந்து முணுமுணுத்துவிட்டுப் போனவன்தான் பந்தலுக்குக் கம்பு தூக்கிக்கொண்டு முதலில் வந்து நிற்பான். அந்த ஐந்து நாடுகளும் கட்டும் சந்தா, கூட்டுப் பயிற்சி. வான் தற்காப்புக்கென்று தொடங்கிய அவர்களுடைய கூட்டுத் தலைமையகம் இங்கிருந்து வடக்கே பட்டர்வொர்த் விமானத் தளத்தில் இருக்கிறது; ஆஸ்திரேலிய விமானப்படை அதிகாரி ஒருவர் அதற்குத் தலைமை வகிக்கிறார். 1965இல் மனக்கசப்போடு பிரிந்த மலேசியாவும் சிங்கப்பூரும், தண்ணீர் விலைக்கும் ஒரு சிறு பாறைத் தீவுக்கும் சண்டை போட்டுக்கொண்டே, இந்த மேசையில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து 50 ஆண்டுக்கு மேலாகிவிட்டது. 180 நாள் வாக்கில் இல்லாதது இதுதான்: வருவேன் என்றவன் வருஷா வருஷம் வந்து காட்டுகிறான்.

நாம் அடுத்தவர் பாதுகாப்பை வாங்கிக்கொண்டே இருந்தோமா என்றால், இல்லை. 1960இல், அவசரகாலம் முடிந்த அதே ஆண்டில், மலாயா ஐ.நா. கொடியின் கீழ் கொங்கோவுக்குப் படை அனுப்பியது. 1993 அக்டோபரில் சோமாலியாவின் மொகடிஷுவில் சிக்கிக்கொண்ட அமெரிக்க வீரர்களை மீட்க, மலேசியாவின் கொண்டோர் கவச வண்டிகளும் பாகிஸ்தான் டாங்கிகளும் இரவோடு இரவாகப் போயின. நம் வீரர் ஒருவர் அதில் உயிரிழந்தார். அதைப் பற்றி ஹாலிவுட் எடுத்த படத்தில் நம் ஆட்களைத் தேடித்தான் பார்க்க வேண்டும்.

இந்தக் கணக்குகளில் எங்கும் வராத செலவு ஒன்று உண்டு. கமுந்திங் சாலை கிறிஸ்தவர் இடுகாட்டில் நியூசிலாந்து வீரர்கள் பலர் அடக்கமாகியிருந்தார்கள். 1955 முதல் 1971 வரை அந்த நாட்டு அரசின் விதி இதுதான்: வெளிநாட்டில் இறந்த வீரரை அங்கேயே புதைப்பார்கள், ஊருக்குக் கொண்டுவர வேண்டுமானால் குடும்பம் தன் காசில் கொண்டுவரலாம். காசிருந்தவர்கள் கொண்டுபோனார்கள். மற்றவர்கள் அரசோடு மன்றாடிக்கொண்டிருந்தார்கள். 2018இல்தான் அரசு தன் செலவில் அவர்களைத் தோண்டியெடுத்து, விமானத்தில் ஏற்றிக் கொண்டுபோனது. அப்போது அந்த வீரர்களின் விதவைகளில் எத்தனை பேர் உயிரோடிருந்தார்களோ. இன்றைக்கும் நாளிதழில் தற்காப்பு ஒப்பந்தம் ஒன்றில் அமைச்சர்கள் கையெழுத்துப் போடும் படம் வந்தால், எத்தனை விமானம், எத்தனை கப்பல் என்ற விவரமெல்லாம் பக்கம் நிறைய இருக்கிறது. அந்தச் செலவு யார் தலையில் என்று நான் தேடிப் பார்க்கிறேன். அது மட்டும் இருப்பதில்லை.